தோட்டம்: கேள்வி – பதில்

கேள்வி: ‘அவர் கை பட்டால் பட்டுப்போன குச்சியும் துளிர்க்கும்’ என்கிறார்களே, செடி வளர்ப்பில் கைராசி என்று ஒன்று உண்மையிலேயே உண்டா? ஒரே செம்பருத்தியில் ஒடித்த குச்சிகளை நானும் பக்கத்து வீட்டுக்காரரும் நட்டோம். அவருடையது தழைத்தது. என்னுடையது துளிர்விட்டு, வெயிலில் வைத்ததும் கருகிவிட்டது.

பதில்: வைத்தியருக்கும் முதல் போணிக்கும் சொல்கிற கைராசியை விட்டுவிடுவோம். செடியில் அது பெரும்பாலும் பழக்கம்தான். துளிர் வந்தால் வேர் வந்துவிட்டது என்று அர்த்தமில்லை. குச்சி தன்னிடம் சேர்த்துவைத்த சத்தைக் கொண்டே இரண்டு இலை விட்டுவிடும். வேரில்லாத அந்த இலைகளை வெயிலில் வைத்தால் இழக்கும் நீரை ஈடுகட்ட வழியில்லை.

பென்சில் கனத்தில், ரொம்பப் பச்சையாகவும் இல்லாமல் முற்றிய கட்டையாகவும் இல்லாமல், 15–20 செ.மீ. நீளக் குச்சி எடுங்கள். அடிவெட்டு ஒரு கணுவுக்குச் சற்றுக் கீழே விழட்டும். வேர் அங்கேதான் எளிதில் கிளம்பும். மேலே இரண்டு இலை போதும், அவற்றையும் பாதியாக நறுக்கிவிடுங்கள். மொட்டு இருந்தால் கிள்ளிவிடுங்கள். மணலும் தென்னைநார்க் கழிவும் சரிபாதி கலந்து, இரண்டு கணு உள்ளே போகும்படி ஊன்றி, நிழலில் வையுங்கள். எரு இப்போது வேண்டாம். வேர் பிடிக்க நான்கு முதல் எட்டு வாரம் ஆகலாம். நடுவில் பிடுங்கிப் பார்க்காதீர்கள், புது வேர் முறிந்துவிடும். (கைராசி இல்லாதவர்கள் பலர் இந்த ஒன்றில்தான் கெடுகிறார்கள்!) லேசாக இழுத்தால் குச்சி வராமல் பிடித்து நிற்க வேண்டும், அதன்பிறகு சிறிது சிறிதாக வெயில் காட்டலாம்.

கேள்வி: ‘ராசிக்காரர்’, ‘கைராசிக்காரர்’ இரண்டும் ஒன்றா?

பதில்: இல்லை. மேஷ ராசிக்காரர், துலா ராசிக்காரர் என்பது ஜாதகம். தோட்டத்துக்குக் ‘கைராசிக்காரர்’, ‘ராசியான கை’, ‘அவருக்கு நல்ல கைராசி’ என்பதுதான் வழக்கு. பிறரைப் பாராட்டத்தான் இது பொருந்தும். ‘எனக்குக் கைராசி’ என்று தானே சொல்லிக்கொண்டால் பெருமையடிப்பதாகப் படும். ‘எனக்குக் கைராசி இல்லை’ என்பதை மட்டும் யாரும் தயங்காமல் சொல்வார்கள்!

கேள்வி: தினமும் தவறாமல் தண்ணீர் ஊற்றியும் தொட்டிச்செடி வாடுகிறது. கைராசி இல்லை என்று விட்டுவிடவா?

பதில்: தினமும் தவறாமல் ஊற்றுவதே காரணமாக இருக்கலாம். வேருக்குக் காற்றும் வேண்டும். மண் எப்போதும் சொதசொதவென்று இருந்தால் வேர் அழுகும். அழுகிய வேர் நீரை உறிஞ்சாது, இலை தொங்கும். அதைத் தாகம் என்று நினைத்து இன்னொரு செம்பு ஊற்றுகிறோம்.

விரலை இரண்டு அங்குலம் மண்ணுக்குள் விட்டுப் பாருங்கள். ஈரம் தட்டினால் ஊற்றாதீர்கள். காய்ந்திருந்தால், அடித்துளையில் வடியும்வரை ஊற்றி, தட்டில் தேங்கியதைக் கொட்டிவிடுங்கள். ஈரம் இருந்தும் செடி வாடினால் தொட்டியைக் கவிழ்த்து வேரைப் பாருங்கள். பழுப்பேறி, கொழகொழத்து, நாற்றமடிக்கும் வேர்களை நறுக்கி, நீர் வடியும் புதுக்கலவையில் மாற்றுங்கள். இழந்த வேருக்கு ஏற்ப இலைகளையும் குறையுங்கள். பாதிக்கு மேல் வேர் போயிருந்தால், நல்ல கிளை ஒன்றை வெட்டிப் புதுக் குச்சியாக ஊன்றுவது மேல்.