அப்பாயி நடந்து வந்த அணை

அன்புள்ள ஐயா,

பொகவந்தலாவைப் பக்கம் ஒரு தோட்டப் பாடசாலையில் உயர்தர வகுப்புக்கு உயிரியல் படிப்பிக்கிறேன். போன மாதம் கூர்ப்பு, அதாவது பரிணாமப் பாடம் நடந்தது. பாடம் முடிந்ததும் ஒரு மாணவி எழுந்தாள். "மிஸ், நான் வருசா வருசம் பாட்டியோட சிவனொளிபாத மலைக்குப் போறேன். அது சிவன் பாதம்னு பாட்டி சொல்றாங்க. என் கூட்டாளி ஆதம் நபி பாதம்னு சொல்றா. நீங்க மனுசன் ஆபிரிக்காவுல இருந்து வந்தான்னு சொல்றீங்க. அப்ப யாரு பொய் சொல்றாங்க?" என்றாள். எனக்குப் பதில் வரவில்லை. அடுத்த நாள் ஒரு பையனின் அப்பா வந்து, ஆதியாகமத்துக்கு விரோதமாக ஏன் சொல்லிக் கொடுக்கிறீர்கள் என்று கேட்டார். சண்டை பிடிக்கவில்லை, கலங்கிப் போயிருந்தார். சக ஆசிரியர் ஒருவர், "தசாவதாரமே கூர்ப்புதான் என்று சொல்லிச் சமாளியுங்கள்" என்கிறார். இன்னொருவர், "ஆதியாகமத்தில் ஒரு நாள் என்பது பல கோடி வருடம் என்று சொல்லுங்கள்" என்கிறார். நானும் கோயிலுக்குப் போகிறவள்தான். இரண்டையும் எப்படிப் பொருத்துவது?

ம., பொகவந்தலாவை

அன்புள்ள டீச்சர்,

பொருத்த வேண்டாம். உங்கள் சக ஆசிரியர்கள் நல்ல மனதோடுதான் சொல்கிறார்கள். ஆனால் அந்த இரண்டு வழியும் பிள்ளைகளைக் கொஞ்ச தூரம் கூட்டிப்போய் நடுவழியில் விட்டுவிடும்.

ஆதியாகமத்தின் முதல் அதிகாரத்தில் புல்லும் பூண்டும் கனிமரமும் மூன்றாம் நாள் முளைக்கின்றன. சூரியன் வருவது நான்காம் நாள். நாளைக் கோடி வருடமாக இழுத்தால், மரங்கள் கோடி வருடம் வெயில் இல்லாமல் நின்றதாக ஆகும். ஒளித்தொகுப்புப் படித்த பிள்ளைகள் அடுத்த நிமிடமே கேட்பார்கள். இரண்டாம் அதிகாரத்தில் வரிசையே வேறு: முதலில் மனிதன், பிறகு மிருகங்கள், கடைசியில் பெண். தொகுத்தவர்களின் கண்ணில் இது படாமலா இருந்திருக்கும்? தெரிந்தே இரண்டையும் அடுத்தடுத்து வைத்தார்கள் என்றால், நாள்வரிசை அவர்களுக்கு முக்கியமாக இருக்கவில்லை என்றுதான் நான் வாசிக்கிறேன்.

தசாவதாரமும் மீன், ஆமை, பன்றி வரைக்கும் ஒத்துவருவதுபோல் இருக்கும். அப்புறம் ராமனிலிருந்து கிருஷ்ணன் கூர்ப்படைந்தான் என்று சொல்லவேண்டி வரும். எந்தப் பக்தர் அதை ஒப்புக்கொள்வார்? சிலர் "புல்லாகிப் பூடாய்ப் புழுவாய்" என்ற சிவபுராண வரியையும் இதற்கு இழுப்பதுண்டு. அது ஓர் உயிர் பிறவி பிறவியாகப் பட்ட களைப்பு. "எல்லாப் பிறப்பும் பிறந்து இளைத்தேன்" என்று உருகுகிற மாணிக்கவாசகரை விலங்கியலுக்குச் சாட்சி சொல்லக் கூப்பிட்டால், அந்த உருக்கம் நம் காதில் விழாமல் போய்விடும்.

என் அப்பாயியைப் பற்றிச் சொன்னால் நான் நினைப்பது விளங்கும். புதுக்கோட்டைப் பக்கத்தில் இருந்து ஏழெட்டு வயதில் இங்கே தேயிலைத் தோட்டத்துக்கு வந்தவள். சாயங்காலம் லயத்து வாசலில் கூடையைக் கவிழ்த்து வைத்துவிட்டு, கொழுந்துக் கறை ஏறிக் கறுத்த விரல்களால் வெற்றிலைக் காம்பைக் கிள்ளியபடி, "ராமர் கட்டின அணை மேல நடந்து வந்தோம்டா" என்பாள். கடல் இரண்டு பக்கமும் ஒதுங்கி நின்றதாம். சீதையம்மா மீண்டு போன வழியில் நாங்கள் எதிர்ப்பக்கமாக வந்தோம் என்று சொல்லும்போது குரல் கொஞ்சம் இறங்கும்.

தோட்டத்து மக்களை நாடற்றவர்களாக்கிய 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டத்துக்குப் பிறகு அப்பா கடதாசி தேடி அலைந்தார். கடைசியில் ஒரு பழைய பதிவு கிடைத்தது. அப்பாயியின் பெயர் பிழையாக எழுதப்பட்டிருந்தது. வயது குத்துமதிப்பு. மண்டபம் முகாமில் தங்கி, தனுஷ்கோடியில் கப்பல் ஏறித் தலைமன்னாரில் இறங்கிய கூட்டத்தில் அவள் ஓர் இலக்கம். அப்பா அந்தக் கடதாசியைத்தான் கந்தோருக்குக் கொண்டுபோனார். அங்கே நின்று அணைக் கதையைச் சொல்லியிருந்தால் எங்களுக்கு ஒரு நாடு இருந்திருக்காது. ஆனால் கடதாசி கிடைத்த பிறகும் அப்பாயி கதையை மாற்றவில்லை. நாங்களும் அவளைப் பொய்க்காரி என்று நினைக்கவில்லை. கடதாசிக்கு அவள் இலக்கம். தனக்குத் தான், தெய்வம் நடந்த வழியில் நடந்து வந்த பிள்ளை. அந்த நினைப்பு இல்லாமல் அவள் அந்தக் குளிரையும் காலையில் வேலைக்கு ஆள் பிரிக்கிற பிரட்டுக் களத்து ஏச்சையும் தாங்கியிருப்பாள் என்று எனக்குத் தோன்றவில்லை.

நானும் ஒரு காலத்தில் உங்கள் சக ஆசிரியர்கள் செய்வதைச் செய்தேன். பனியுகத்தில் கடல்மட்டம் 120 மீற்றர் அளவுக்குத் தாழ்ந்திருந்தது, இந்தியாவும் இலங்கையும் ஒரே நிலமாக இருந்தன, கடைசியாகக் கடல் வந்து பிரித்து சுமார் 7,000 வருடம்தான் ஆகிறது என்று படித்ததும், "பார், அப்பாயி சொன்னது விஞ்ஞானம்!" என்று துள்ளினேன். அது தப்பு. அப்பாயி வந்தது இருபதாம் நூற்றாண்டில், கப்பலில். பனியுகத்தில் நடந்து வந்தவர்கள் வேறு ஆட்கள். என் வீட்டுக் கதைக்குச் சாட்சியாக அவர்களை நிறுத்திவைத்த வரைக்கும் நான் அவர்களைச் சரியாகப் பார்க்கவே இல்லை.

அவர்கள் உங்கள் பாடசாலைக்குக் கிட்டத்தான் இருக்கிறார்கள். ஹட்டனில் கொழும்பு பஸ் ஏறினால், கினிகத்தேனை தாண்டிக் கித்துல்கல. அங்கே இறப்பர் மரங்களுக்கு நடுவே ஏறிப் போனால் பெலிலென குகை. தொல்லியலாளர் சிரான் தெரணியகல அங்கே அகழ்ந்து 30,000 வருடத்துக்கும் முந்திய மனித வாழ்க்கையின் தடயங்களை எடுத்தார். நான் போனது ஒரு மழை நாளில். மேலே பாறை விளிம்பில் இருந்து தண்ணீர் விழுந்துகொண்டிருந்தது, உள்ளே மண் காய்ந்து கிடந்தது. மழைக்கு ஒதுங்க நானும் அந்த இடத்தைத்தான் பார்த்திருப்பேன். விரல் நகம் அளவுக்குப் படிகக்கல்லை உடைத்துக் கருவி செய்திருக்கிறார்கள். கெக்குண என்று சிங்களத்தில் சொல்லும் காட்டுக் கொட்டையைச் சுட்டு உடைத்துத் தின்றிருக்கிறார்கள். களுத்துறை மாவட்டத்துப் பாஹியன் குகையில் கிடைத்த தடயங்கள் இன்னும் பழையவை, 48,000 வருடம் வரை போகின்றன. அங்கே எலும்பில் செய்த அம்புமுனைகளும், வேட்டையாடிய குரங்கு, அணில் எலும்புகளும் கிடைத்தன. இவர்களுக்கும் முன்னால் ஆபிரிக்கா. மொரோக்கோவின் ஜெபல் இர்ஹூதில் கிடைத்த நம் இனத்து எலும்புகளுக்கு வயது சுமார் 3 லட்சம் வருடம். பாடத்தின் இந்தப் பகுதியில் யாருக்காகவும் எதையும் விட்டுக்கொடுக்காதீர்கள்.

"குரங்கு எப்படி மனுசனாச்சு" என்று கேட்பார்கள். தமிழ்நாட்டுக் கூடலூர்ப் பக்கத்தை வைத்துச் சொல்லுங்கள். 1964 சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்துக்குப் பிறகு அங்கே போன பெரியப்பா குடும்பம் உங்கள் வகுப்பில் பல பிள்ளைகளுக்கு இருக்கும். பெரியப்பா மகன் நமக்குத் தாத்தா ஆகமாட்டான். அவனுக்கும் நமக்கும் தாத்தா ஒருவர். சிம்பன்சி நமக்கு அந்த முறை. அந்தத் தாத்தா வாழ்ந்தது 60, 70 லட்சம் வருடத்துக்கு முன்னால்.

இயற்கைத் தேர்வுக்குப் பழைய விதைத் தேயிலை மலை ஒன்று போதும். கிளை வெட்டி நட்ட வீ.பி. மலையில் எல்லாச் செடியும் ஒரே செடியின் கிளை. இலையெல்லாம் ஒரே அச்சு. விதைத் தேயிலையில் ஒன்றின் இலை அகலம், அடுத்தது ஒடுக்கம், இன்னொன்று இளஞ்சிவப்பாகத் துளிர்க்கும். 1946இல் இலங்கைக்குக் கொப்புள நோய் வந்தபோது எல்லாச் செடியும் ஒரே அளவில் பாதிக்கப்படவில்லை. தாங்கி நின்ற செடிகளையும் பார்த்துத்தான் தலவாக்கலைத் தேயிலை ஆராய்ச்சி நிலையம் புது ரகங்களைத் தெரிந்தெடுத்தது. அங்கே தெரிந்தெடுத்தது மனிதன். காட்டில் அந்த வேலையை நோயும் குளிரும் பசியும் செய்கின்றன. பிள்ளைகளைக் கூட்டிப்போய் இரண்டு மலையிலும் பத்துப் பத்து இலை பறித்துப் பக்கத்தில் பக்கத்தில் பரப்பச் சொல்லுங்கள்.

இனி அந்த அப்பா. அவரைப் பற்றித்தான் நான் அதிகம் யோசித்தேன். கத்தோலிக்கர் என்றால் சொல்வது சுலபம்: பாப்பரசர் பன்னிரண்டாம் பத்திநாதர் 1950இல் மனித உடலின் கூர்ப்பை ஆராயலாம் என்றார், ஆன்மாவைக் கடவுளே படைக்கிறார் என்பதில் மட்டும் உறுதியாக நின்றார். 1996இல் இரண்டாம் அருள் சின்னப்பர் கூர்ப்பு வெறும் கருதுகோள் மட்டும் அல்ல என்று ஏற்றுக்கொண்டார். ஆனால் தொடக்க நூலை ஆதியாகமம் என்று சொல்கிற புரட்டஸ்தாந்து சபைக்காரரிடம் பாப்பரசர் பேச்சு எடுபடாது. நீங்கள் அவர் வீட்டுக்கே போய், எது போய்விடும் என்று பயப்படுகிறீர்கள் என்று கேட்டுப் பாருங்கள். தேவசாயலாகப் படைக்கப்பட்டோம் என்ற ஒரு வரி, தலை எண்ணிக் கூலியாக இறக்கப்பட்ட மக்களுக்கு எவ்வளவு பெரிய வரி! அது போய்விடுமோ என்றுதான் அவர் பயப்படுகிறார் என்று நினைக்கிறேன். எந்த எலும்பும் அதைப் பறிக்க முடியாது, கொடுக்கவும் முடியாது. விஞ்ஞானத்தின் பெயரிலும் நடக்கக்கூடாதது நடந்திருக்கிறது. சுவிட்சர்லாந்தில் இருந்து வந்த சரசின் உறவினர் இருவர் பத்தொன்பதாம் நூற்றாண்டில் இலங்கையின் ஆதிக்குடிகளான வேடுவரை அளந்து பார்த்து, மனிதப் படிநிலையில் கீழே வைத்தார்கள். இன்றைய மரபியல் அந்தப் படிக்கட்டையே எடுத்துவிட்டது.

ஒன்றை மட்டும் அவரிடம் மறைக்காதீர்கள். மனிதர் எல்லாரும் ஒரே ஒரு சோடியில் இருந்து மட்டும் வந்தார்கள் என்பதற்கு மரபணுக்களில் ஆதரவு இல்லை. இன்றைய எல்லாருக்கும் தாய்வழி மூதாயான "இழைமணி ஏவாள்" பற்றிப் படித்துவிட்டு யாராவது சாட்சி காட்டினால், அவள் தன் காலத்து ஒரே பெண் இல்லை, தாய்வழிக் கொடி இன்றுவரை அறுபடாமல் வந்தவள் மட்டுமே என்று விளக்குங்கள். ஆதாம் செய்த பாவம் என்ற போதனையை அப்போது எப்படி விளங்கிக்கொள்வது என்பது உண்மையிலேயே கடினமான கேள்வி. இறையியலாளர்களே இன்னும் விவாதிக்கிறார்கள். முஸ்லிம் அறிஞர்களிலும் மற்ற உயிர்களின் கூர்ப்பை ஏற்று, ஆதம் நபியை மட்டும் தனிப் படைப்பாகக் கொள்பவர்கள் உண்டு. அந்தக் கேள்வியைப் பிள்ளைகள் பள்ளிவாசலுக்கும் சபைக்கும் கொண்டுபோகட்டும். உயிரியல் டீச்சர் தீர்க்க வேண்டிய வழக்கு இல்லை அது.

உங்கள் மாணவியின் பாட்டிக்கு வருவோம். மலை உச்சியில் உள்ள பாதத்தின் நீளம் கிட்டத்தட்ட ஆறடி. மனிதக் கால் அந்த அளவு இருக்காது என்பது ஐயாயிரம் படி ஏறிப் போகிற பாட்டிக்குத் தெரியாதா? அவர் அளக்கப் போகவில்லை, கும்பிடப் போகிறார். சிவன், புத்தர், ஆதம் என்று ஆளுக்கொரு பெயர் சொன்னாலும், ஏற்றத்தில் மூச்சு வாங்குகிறவர்களுக்கு எல்லாரும் கைகொடுத்துத்தான் ஏறுகிறார்கள். பாறையின் வயதைக் கேட்டால் நிலவியலாளரிடம் போகவேண்டும்: நிலத்துக்கு அடியில் வெந்து அது இன்றைய பாறையாகி 50 கோடி வருடத்துக்கு மேல். பாட்டி பொய் சொல்லவில்லை, கூட்டாளியும் சொல்லவில்லை, நீங்களும் சொல்லவில்லை என்று அவளிடம் தைரியமாகச் சொல்லலாம்.

அவளுக்கு இன்னொன்றும் சொல்லுங்கள். எல்லப் பக்கம் இராவணா எல்லக் குகையிலும் பாஹியன் குகையிலும் கற்கால மனிதர் புதைத்த எலும்புகள் கிடைத்தன. செத்தவரின் எலும்புகளில் சிலவற்றை மட்டும் பொறுக்கி எடுத்து, சிவப்புக் காவி பூசி, தாங்கள் படுத்துறங்கும் தரையிலேயே புதைத்திருக்கிறார்கள். அந்தக் கைகள் பூசும்போது என்ன சொல்லிக்கொண்டன என்று அறிய வழியில்லை. ஏதோ சொல்லியிருப்பார்கள். தன் ஆட்கள் எங்கிருந்து வந்தார்கள், இப்போது எங்கே போகிறார்கள் என்று ஒரு பாட்டி அங்கேயும் பிள்ளைகளுக்குச் சொல்லியிருப்பாள்.

முடிந்தால் லீவு நாளில் வகுப்பைக் கித்துல்கலவுக்குக் கூட்டிப்போங்கள். அந்த அப்பாவையும் பாட்டியையும் கேட்டுப் பாருங்கள், வந்தாலும் வருவார்கள். குகைக்குப் போகும் பாதையில் அட்டைக்கடி உண்டு. உப்பும் எலுமிச்சம்பழமும் எடுத்துக்கொள்ளுங்கள். போய்வந்து எழுதுங்கள்.

அன்புடன்.