தேர்க்காலும் மந்திரியும்

கேள்வி: இளவரசர் அதிகாரத்தைத் தவறாகப் பயன்படுத்தினால் தட்டிக்கேட்கத்தான் மன்னர் இருக்கிறாரே? கன்றைக் கொன்ற மகனை மனுநீதிச் சோழன் தேர்க்காலில் இடவில்லையா?

பதில்: அந்தக் கதையில் வரும் மந்திரியை மறந்துவிட்டீர்கள். இளவரசன்மேல் தேரை ஏற்று என்று மன்னன் முதலில் ஆணையிட்டது அவருக்குத்தான். அவர் ஏற்றவில்லை, தன் உயிரையே விட்டுவிட்டார். அதன் பிறகுதான் மன்னன் தானே தேரைச் செலுத்தினான். நீதி தவறாத மன்னனின் ஆட்சியிலேயே வாரிசின்மீது கைவைக்க மந்திரிக்கு மனம் வரவில்லை. மற்ற நாடுகளில் ஒரு காவல்நிலைய அதிகாரி என்ன செய்துவிடுவார்?

பட்டத்து இளவரசர் கையில் ஆணையிடும் அதிகாரம் இருக்க வேண்டும் என்பதே இல்லை. இன்று அவர்மீது வழக்கு எழுதுபவர் நாளை அவர் முன்னால்தான் கைகட்டி நிற்க வேண்டும். அந்தப் பயம் போதும்.

நாடாளுமன்றம் வலுவாக உள்ள பிரிட்டனையே பாருங்கள். இளவரசராக இருந்தபோது சார்லஸ் அமைச்சர்களுக்குக் கடிதம் எழுதுவார். ஈராக்கில் வெப்பத்தால் திணறும் ராணுவ ஹெலிகாப்டர்களைப் பற்றிப் பிரதமர் டோனி பிளேருக்கே எழுதினார். அக்கறையான கடிதம்தான், மறுக்கவில்லை. ஆனால் வருங்கால மன்னரின் யோசனையை எந்த அமைச்சர் சாதாரண மனுவைப்போல ஒதுக்கிவைப்பார்? 2005-ல் ஒரு பத்திரிகை கேட்ட அந்தக் கடிதங்கள் வெளிவர 2015 ஆனது. இதற்கிடையே, இனி வாரிசின் கடிதங்களை யாரும் கேட்க முடியாதபடி சட்டத்தையே திருத்திவிட்டார்கள்.

மன்னர் இருக்கிறாரே என்கிறீர்கள். நேபாளத்திலும் இருந்தார். 2000 ஆகஸ்டில் காத்மாண்டுவில் பிரவீண் குருங் என்ற பாடகர் வண்டி மோதி இறந்தார். ஓட்டியவர் மன்னர் பிரேந்திராவின் தம்பி மகன் பாரஸ் என்று மக்கள் கொதித்தார்கள். நடவடிக்கை கோரி சுமார் 5 லட்சம் பேர் கையெழுத்திட்ட மனு மன்னருக்குப் போனது. அத்தனை கைகள் ஆராய்ச்சி மணியை இழுத்தும் அரண்மனை அசையவில்லை. பாரஸ் நீதிமன்றக் கூண்டில் ஏறவே இல்லை. மறு ஆண்டு மன்னர் பிரேந்திரா குடும்பத்தோடு கொல்லப்பட்ட அரண்மனைப் படுகொலைக்குப் பின் அவருடைய தந்தை ஞானேந்திரா அரியணை ஏற, அதே பாரஸ் பட்டத்து இளவரசர் ஆனார். கையெழுத்துப் போட்டவர்கள் அந்தச் செய்தியை எப்படிப் படித்திருப்பார்கள் என்று நினைத்தால் இன்றும் எனக்கு மனம் ஆறவில்லை.

அங்கே முடியாட்சி விழப் பல காரணங்கள் உண்டு. மக்களின் இந்தக் கசப்பும் அவற்றில் ஒன்று. 2008 மே 28 அன்று அரசியல் நிர்ணய சபை வாக்களித்தது. முடியாட்சியை ஒழிக்க 560 வாக்குகள். எதிர்த்து விழுந்தவை 4.