மண்டபச் சாவியைக் கேட்கிறார்கள், கொடுத்துவிடலாமா?

கேள்வி: சிறிய கல்யாண மண்டபம் நடத்துகிறேன். வாக்குச்சாவடி அமைக்க மண்டபம் வேண்டும், முந்தின நாளே சாவியைக் கொடுத்துவிடுங்கள் என்று கிராம நிர்வாக அலுவலர் வந்து சொல்லிவிட்டுப் போனார். வாக்குப்பதிவு அன்று மாலை ஒரு கல்யாண வரவேற்பு, மறுநாள் காலை முகூர்த்தம். அட்வான்ஸும் வாங்கியாயிற்று. மறுக்க முடியுமா? வாடகை வருமா?

பதில்: எழுத்துப்பூர்வ ஆணை வந்துவிட்டால் மறுக்க முடியாது. மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 1951-இன் 160-ஆவது பிரிவு, வாக்குச்சாவடிக்கும் வாக்குப்பெட்டிகளை வைப்பதற்கும் தனியார் கட்டடத்தை எடுத்துக்கொள்ள அரசுக்கு அதிகாரம் தருகிறது. ஆணையை மீறினால் ஓராண்டு வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். பூட்டை உடைத்துத் திறக்கவும் சட்டத்தில் வழி உண்டு.

ஆனால் வாசலில் நின்று சொல்லிவிட்டுப் போவது ஆணை ஆகாது. உரிய அதிகாரி கையெழுத்திட்டு, உங்கள் பெயருக்கு எழுதப்பட்டு, முறைப்படி கையில் சேர வேண்டும். பேச வேண்டியதையெல்லாம் அதற்கு முன்பே பேசிவிடுங்கள். முதலில் தாலுகா அலுவலகத்தில் வாக்குச்சாவடிப் பட்டியலைப் பாருங்கள். உங்கள் மண்டபம் அதில் ஏறியிருந்தால், இடம் மாற்றத் தேர்தல் ஆணையத்தின் ஒப்புதல் தேவைப்படும். கடைசி நேரத்தில் அது கடினம். ஏறவில்லையென்றால் இன்றே மாவட்டத் தேர்தல் அலுவலருக்கு, அதாவது கலெக்டருக்கு, மனு கொடுங்கள். தனியார் கட்டடத்தைக் கூடியவரை தவிர்க்கச் சொல்வது ஆணையமேதான். அட்வான்ஸ் ரசீது, கல்யாணப் பத்திரிகை நகல், அருகில் உள்ள அரசுப் பள்ளியின் பெயர், இந்த மூன்றும் மனுவோடு இருக்கட்டும். வெறுமனே ‘முடியாது’ என்று எழுதும் மனு குப்பைக்குத்தான் போகும்.

இழப்பீடு 161-ஆவது பிரிவில் இருக்கிறது. கட்டடத்தின் வாடகை, இல்லையென்றால் அதே பகுதியில் அதுபோன்ற இடத்துக்கு உள்ள வாடகை, இதை வைத்துத்தான் கணக்கிடுவார்கள். அதனால் உங்கள் பில் புத்தகம்தான் சாட்சி. முகூர்த்த நாள் வாடகையை வழக்கமாக எவ்வளவு போட்டிருக்கிறீர்களோ, அந்தப் பக்கங்களை நகலெடுத்துக் கொடுங்கள். பாதித் தொகைக்கு பில் போட்டு மீதியைக் கையில் வாங்கும் வழக்கம் இருந்தால், இங்கே பாதிதான் செல்லும்! தொழிலிடத்தை மாற்ற நேர்ந்தால் அதற்கான நியாயமான செலவும் சேரும். கைநழுவிய அலங்கார, சமையல் ஒப்பந்த லாபம் சட்டம் சொல்லும் கணக்கில் இல்லை. மண்டபத்தை வேறொருவர் குத்தகைக்கு எடுத்து நடத்தினால் பணம் அவருக்குத்தான். இடத்தை உண்மையில் கையில் வைத்திருப்பவரைத்தான் சட்டம் பார்க்கிறது. தொகை குறைவு என்று பட்டால் 14 நாளுக்குள் எழுதிக் கொடுங்கள், மத்தியஸ்தரிடம் போகும்.

ஆணையில் நோக்கத்தையும் தேதிகளையும் கவனமாகப் படியுங்கள். வாக்குச்சாவடி என்றால் இரண்டு மூன்று நாள் சமாசாரம். பெட்டி வைக்கும் இடம் என்றால் வேறு கதை: 2024-இல் தமிழ்நாட்டில் ஏப்ரல் 19 அன்று வாக்குப்பதிவு, எண்ணிக்கை ஜூன் 4-இல்தான்.

சாவி கொடுக்கும்போது மின்விசிறி, குழாய், நாற்காலி எண்ணிக்கையை எழுதிக் கையெழுத்து வாங்குங்கள். செல்போனில் படமும் எடுத்துவையுங்கள். உங்கள் காவலாளியை உள்ளே இருக்க விடமாட்டார்கள்.

பெண் வீட்டாரிடம் இன்றைக்கே சொல்லிவிடுங்கள். வாக்குப்பதிவு முடிந்து இயந்திரங்கள் கிளம்பவே இரவாகிவிடும். வரவேற்பை வேறு இடத்துக்கு மாற்றியாக வேண்டும். காலை முகூர்த்தத்துக்கு மண்டபம் வேண்டுமென்றால், இரவே காலி செய்து தருவார்களா என்று தாசில்தாரிடம் எழுத்தில் கேளுங்கள்.