ஒற்றைக் கொடுக்கு நண்டு யாரைக் கூப்பிடுகிறது? மும்பை அலையாத்திக் காடு: வாசகர் கேள்வி-பதில்

ஐரோலி கடலோர உயிரின மையத்துக்குப் போயிருந்தோம். சேற்றில் குட்டிக் குட்டி நண்டுகள், ஒரே ஒரு பெரிய கொடுக்கைத் தூக்கித் தூக்கி ஆட்டின. "நம்மளக் கூப்பிடுதும்மா" என்கிறான் மகன். நிஜமா? (முலுண்ட் வாசகி)

கூப்பிடுவது நிஜம்தான்; ஆனால் உங்களை அல்ல, பெண் நண்டை. ஆணுக்கு மட்டும்தான் அந்தப் பெரிய கொடுக்கு. சில இனங்களில் மொத்த உடல் எடையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் அதுவே இருக்கும். பெண்ணை அழைக்கவும் போட்டிக்கு வரும் ஆணை விரட்டவும் உதவுமே தவிர, சாப்பாட்டுக்கு உதவாது. பெண் இரண்டு கையாலும் சேற்றை அள்ளித் தின்னும். ஆணுக்கு அந்தச் சின்னக் கை ஒன்றுதான். சேற்றிலுள்ள பாசியையும் நுண்ணுயிர்களையும் வாயில் வடித்துக்கொண்டு மிச்சத்தை உருட்டித் துப்பிவிடும். வளை வாசலைச் சுற்றி மிளகு மிளகாய்க் கிடக்கும் உருண்டைகள் அவைதான்.

சண்டையில் கொடுக்கு போனால் புதிது முளைக்கும். சில இனங்களில் அது பார்வைக்குப் பழையது மாதிரியே இருந்தாலும் எடையும் பலமும் குறைவு. எதிரி பார்த்தே பயந்துவிட்டால் பிழைத்தது. மோதினால் சாயம் வெளுத்துவிடும்.

வேடிக்கை பார்த்ததோடு அந்த வளைகளையும் கவனியுங்கள். அலையாத்திச் சேற்றில் மேல்தோலுக்குக் கீழே காற்றே கிடையாது. அழுகிய முட்டை நாற்றம் வருவது அதனால்தான். நண்டு தோண்டும் வளை வழியாகத்தான் காற்றும் கடல்நீரும் உள்ளே இறங்குகின்றன. வேருக்கு அது பெரிய உபகாரம்.

கோளி மீனவப் பெண்மணியிடம் நல்ல பெரிய சிம்போரி நண்டு வாங்கினேன். உடைத்தால் உள்ளே வெறும் தண்ணீர். ஏமாற்றிவிட்டாரா? (சயான் கோலிவாடா வாசகர்)

அவர் மேல் பழி போடாதீர்கள். நண்டு வளர வேண்டுமானால் பழைய ஓட்டைக் கழற்றியாக வேண்டும். கழற்றியதும் தண்ணீரை உறிஞ்சி உடம்பை உப்ப வைத்துக்கொள்ளும்; புது ஓடு அந்த அளவுக்கு இறுகும். சதை பிறகுதான் நிறையும். கொழுத்த நண்டு வளையில் தங்காது என்பார்கள். ஓடு கழற்றிய நண்டோ வளையை விட்டு அசையாது. ஓடு கொஞ்சம் இறுகியதும் கொலைப்பசியோடு வெளியே வந்து மாட்டிக்கொள்ளும். உங்களிடம் வந்தது அப்படி ஒன்றுதான்.

பௌர்ணமி நண்டு சோடை என்று சொல்பவர்கள் உண்டு. நான் நாள் பார்ப்பதில்லை, ஓட்டைத்தான் பார்ப்பேன். அடிப்பக்கம், கால் மூட்டுக்கு அருகே கட்டைவிரலால் அழுத்துங்கள். குழைந்தால் வேண்டாம். வயிற்று மடலுக்கு அடியில் முட்டைக் கொத்து தெரிந்தாலும் வாங்காதீர்கள்; அந்தத் தாய் முட்டை பொரிக்கக் கடலுக்குப் போய்க்கொண்டிருந்தவள்.

எங்கள் சொசைட்டி மதிலுக்குப் பின்னால் அலையாத்திப் புதர். கொசுவுக்கு அதுதான் காரணம், கட்டட இடிபாட்டைக் கொட்டி மூடிவிடலாம் என்கிறது கமிட்டி. (வாஷி வாசகர்)

கொசு தொல்லை தீராது, கோர்ட்டு தொல்லை சேரும். சதுப்பில் கொசுவே கிடையாது என்று சொல்லமாட்டேன். ஆனால் தினம் இருமுறை கடல் ஏறி இறங்கும் இடத்தில் தண்ணீர் தேங்குவதில்லை, புழுக்களைத் தின்ன மீன் குஞ்சுகளும் வரும். இடிபாட்டைக் கொட்டி அந்த ஓட்டத்தை அடைத்தால்தான் குட்டை தேங்கும். மலேரியா, டெங்கு பரப்பும் நகரத்துக் கொசுக்களுக்கோ நல்ல தண்ணீர்தான் பிடிக்கும். கமிட்டிக்காரர்கள் முதலில் மொட்டைமாடி டேங்க் மூடியையும் பூந்தொட்டித் தட்டுகளையும் பார்க்கட்டும்.

சட்டமும் கண்டிப்பானது. அலையாத்தியை அழிப்பது வாழும் உரிமையையே மீறுவதாகும் என்று பம்பாய் உயர் நீதிமன்றம் 2018இல் தீர்ப்பளித்தது. அலையாத்திக் காட்டில் குப்பை கொட்டவும் கூடாது.

விக்ரோலிப் பக்கம் விடியற்காலையில் கண்டது நரியா, தெருநாயா?

வால் புசுபுசுவென்று கீழே தொங்கி, நுனி கறுத்திருந்தால் நரிதான். நரி முகத்தில் விழித்திருக்கிறீர்கள், யோகக்காரர்! நண்டு, எலி, மீன், நம் குப்பை எல்லாம் தின்னும். நீங்களாகச் சோறு வைக்காதீர்கள். பகலில் தள்ளாடியபடி ஆள்மேல் பாய வந்தால் வனத்துறைக்குச் சொல்லுங்கள். வெறிநோய் நரிக்கும் வரும். கடித்துவிட்டால் சோப்பும் தண்ணீரும் விட்டு நன்றாகக் கழுவிவிட்டு உடனே ஊசிக்கு ஓடுங்கள்.

பூநாரை பார்க்க எப்போது போகலாம்? (செம்பூர் வாசகி)

தானே கழிமுகத்தில் பொதுவாக நவம்பரிலிருந்து மே வரை. பூநாரை பார்க்கக் கூட்டிப்போகும் படகு கடல் ஏற்றத்தைப் பொறுத்துத்தான் கிளம்பும். கடிகாரத்தை நம்பிப் போகாமல் அன்றைய நேரத்தை முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள்.