ஐயர் மாமாக்கள் எல்லாரும் ஒருவர்தானா?

கேள்வி: டெல்லி கணேஷ் மறைந்தபோது ஆளாளுக்குப் புகழ்ந்தார்கள். 400 படங்கள் என்கிறார்கள். ஆனால் எல்லாவற்றிலும் அதே ஐயர் மாமாதானே? கடைசிவரை துணை நடிகராகவே இருந்துவிட்டுப் போனவரை இவ்வளவு தூக்கிப் பேச வேண்டுமா?
– ஒரு வாசகர், தென்காசி

பதில்: முதலில் அந்தத் 'துணை நடிகர்' என்ற சொல். கோடம்பாக்கத்தில் கூட்டத்தில் ஒருவராக வந்து நிற்பவர்களைத்தான் அப்படிச் சொல்வது வழக்கம். அதுவும் வெயிலில் காய்கிற, மதிக்கத்தக்க பிழைப்பு. டெல்லி கணேஷ் செய்தது வேறு வேலை. அதற்குக் 'குணச்சித்திரம்' என்று அருமையான சொல் நம்மிடம் இருக்கிறது.

அடுத்து, அந்த 'ஐயர் மாமா'. 'பசி' பார்த்திருக்கிறீர்களா? 1979-ல் துரை இயக்கிய படம். சென்னைக் குடிசைப் பகுதியில் ரிக்‌ஷா ஓட்டும் முனியாண்டியாக, ஷோபாவுக்கு அப்பாவாக வருகிறார். அப்போது அவருக்கு வயது 35. வளர்ந்த பெண்ணுக்கு அப்பாவாக நடிக்க அந்த வயதில் எத்தனை பேர் சம்மதிப்பார்கள்? ஷோபாவுக்குத் தேசிய விருது வாங்கித் தந்த அந்தப் படத்துக்காக இவருக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு கிடைத்தது. பத்து வருடம் கழித்து 'அபூர்வ சகோதரர்கள்' படத்தில் பிரான்சிஸ் அன்பரசு. நான்கு வில்லன்களில் ஒருவர். இந்த இரண்டில் எது ஐயர் மாமா?

சரி, ஐயர்களையே எடுத்துக்கொள்வோம். 'நாயகன்' படத்தில் வேலு நாயக்கருக்கு இந்தி தெரியாது. பம்பாயின் பெரிய கைகளிடம் அவர் பேசப் போகும்போது பக்கத்தில் நின்று மொழிபெயர்ப்பவர் ஐயர். வசனம் அவருடையதல்ல, கோபமும் அவருடையதல்ல. இன்னொருவரின் பேச்சை வாங்கி மறுபக்கம் கொடுக்க வேண்டும், அவ்வளவுதான். ஆனால் அடுத்த முறை பார்க்கும்போது கமல்ஹாசனை விட்டுவிட்டு இவர் முகத்தை மட்டும் பாருங்கள். நாயக்கர் வாயைத் திறந்ததும் இவர் கவனம் முழுக்க அங்கே போய்விடும். எதிராளி பேசும்போது காது கொடுத்துக் கேட்பது நடிப்பில் ரொம்பக் கஷ்டமான காரியம். பெரும்பாலோர் தன் வசனம் எப்போது வரும் என்று காத்துக்கொண்டுதான் நிற்பார்கள். இவர் கேட்டார்.

மூன்றே வருடத்தில் 'மைக்கேல் மதன காமராஜன்'. பாலக்காட்டு மணி ஐயர். கல்யாணச் சமையல் சாம்பாரில் மீன் விழுந்துவிட, கமல்ஹாசனின் காமேஸ்வரனும் அவரும் படும் பாட்டை இன்றைக்கும் யாரும் சிரிக்காமல் பார்க்க முடியாது. அவரோ அதில் சிரிப்பு மூட்ட முயற்சியே செய்வதில்லை. தொழிலும் மானமும் போகப் போகிறதே என்று நிஜமாகப் பதறுகிற ஒரு சமையற்காரர் அவர். அதனால்தான் நமக்குச் சிரிப்பு வருகிறது. பேச்சு பாலக்காட்டுத் தமிழ், பேசியவர் உங்கள் பக்கத்துக்காரர், வல்லநாட்டில் பிறந்தவர். நாயக்கருடைய ஐயரையும் இந்த மணி ஐயரையும் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்தினால் தூரத்துச் சொந்தம் என்றுகூடச் சொல்ல மாட்டீர்கள்.

இது வானத்திலிருந்து விழுந்த திறமை இல்லை. 1964 முதல் பத்து வருடம் விமானப்படையில் இருந்தவர். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் மேடை ஏறினார். சென்னைக்கு வந்து காத்தாடி ராமமூர்த்தியின் குழுவில் சேர்ந்தார். விசு எழுதிய 'பட்டினப் பிரவேசம்' நாடகத்தை கே.பாலசந்தர் படமாக்கியபோது திரைக்கு வந்துவிட்டார். மேடையில் 'கட்' கிடையாது. எதிரில் நிற்பவர் வசனத்தை விட்டுவிட்டால் நாம்தான் எடுத்துக் கொடுக்க வேண்டும். அந்தப் பழக்கம் அவரைக் கடைசிவரை விடவில்லை.

உங்கள் கேள்வியில் ஒரு பாதி நியாயம் இருக்கிறது, அதை மறைக்க மாட்டேன். பிற்காலத்தில் அவரைத் தேடி வந்த வேடங்கள் பலவும் ஒரே அச்சுதான். அந்தக் குற்றம் எழுதியவர்களையும் இயக்கியவர்களையும் சேரும். ஒன்று ஓடினால் அதையே திரும்பக் கேட்பார்கள். அவர் வந்ததை மறுக்கவில்லை, வந்ததில் சோம்பவும் இல்லை. 'மர்மதேசம்' போன்ற தொடர்களிலும் அதே கவனம். எழுபது வயதுவாக்கில், பேட்மேன் சென்னைக்காரனாக இருந்தால் எப்படி இருக்கும் என்று யூடியூபில் இளைஞர்கள் எடுத்த குறும்படத்தில் பேட்மேனின் பணியாளர் ஆல்ஃப்ரெடாகவும் வந்து நின்றார். சின்னப் பையன்களின் முயற்சிதானே என்ற அலட்சியம் அதில் துளியும் கிடையாது.

2024 நவம்பரில் தமது 80-வது வயதில் அவர் காலமானார். அதற்கு முன்பே இதை எழுதியிருக்க வேண்டும் என்ற வருத்தம் எனக்கு உண்டு. நீங்கள் ஒன்று செய்யுங்கள். 'சிந்து பைரவி'யில், குடித்துவிட்டு மேடைக்கு வரும் மிருதங்க வித்வான் குருமூர்த்தியை (அவர்தான் டெல்லி கணேஷ்) பாடகர் ஜே.கே.பி. எழுந்து போகச் சொல்லும் காட்சியைப் போட்டுப் பாருங்கள். பார்த்துவிட்டு மறுபடி எழுதுங்கள். அந்தக் கடிதத்தையும் இதே பக்கத்தில் வெளியிடுகிறேன்.