பல கொடிகள், யார் பொறுப்பு?

கேள்வி: 2003-இல் அமெரிக்காவும் பிரிட்டனும் இராக்கைப் பிடித்த பின் அதன் தென்மத்தியப் பகுதியைப் போலந்து தலைமையில் பல நாட்டுப் படைகள் நிர்வகித்தன அல்லவா? அங்கு நேர்ந்த தவறுகளுக்கு எந்த நாடு பொறுப்பு? எங்கள் காசிமேட்டுப் படிப்பகத்தில் இதைப் பற்றிப் பெரிய வாதமே நடந்தது. இந்தியாவும் படை அனுப்பியிருக்க வேண்டும் என்கிறார் நண்பர்.
- துறைமுகத்தில் பணியாற்றி ஓய்வு பெற்ற வாசகர், ராயபுரம்

பதில்: நடுக்கடலில் செல்லும் கப்பலில் எத்தனை நாட்டு மாலுமிகள் இருந்தாலும் அது பதிவான நாட்டின் சட்டமே அதை ஆளும் என்பது துறைமுகத்தில் இருந்த உங்களுக்குத் தெரியும். இராக்கில் அப்படி ஒரே கொடி இல்லை. 2003 மே 22 அன்று ஐ.நா. பாதுகாப்பு மன்றம் நிறைவேற்றிய 1483-ஆம் தீர்மானம், அமெரிக்காவையும் பிரிட்டனையும் மட்டுமே ஆக்கிரமிப்பு அரசுகளாக ஏற்று, அவற்றின்கீழ்ப் பணியாற்றும் பிற நாடுகள் ஆக்கிரமிப்பாளர்கள் அல்ல என்று குறிப்பிட்டது. ஆக்கிரமித்த நாட்டில் பொது ஒழுங்கைக் காக்க வேண்டும், இயன்றவரை அங்குள்ள சட்டங்களை மதிக்க வேண்டும் என்று போர் பற்றிய பன்னாட்டுச் சட்டமான 1907-ஆம் ஆண்டின் ஹேக் விதிகள் விதிக்கும் கடமை, ஆகவே முதன்மையாக அவ்விரண்டு நாடுகளின் தலையில்தான் விழுந்தது. ஆனால் நீங்கள் கேட்ட தென்மத்தியப் பகுதியில், கர்பலா நகரின் தெருவில் துப்பாக்கியோடு நின்றவர் பல்கேரிய வீரர். வாசித் மாகாணத்தில் நின்றவர் உக்ரைன் வீரர். இவர்களை இராக்கிய நீதிமன்றம் விசாரிக்க முடியாது, அவரவர் சொந்த நாடே விசாரிக்கலாம் என்று ஆக்கிரமிப்பு நிர்வாகம் ஆணையும் பிறப்பித்திருந்தது. பாதிக்கப்பட்ட இராக்கியர் எந்த அரசின் கதவைத் தட்டுவார்?

இதில் என்னை மிகவும் வருத்துவது பாபிலோன். அந்தப் பழம்பெரும் நகரத்தின் இடிபாடுகளுக்கு நடுவே முதலில் அமெரிக்கப் படை முகாம் அமைத்தது. 2003 செப்டம்பரில் அது போலந்துப் படையின் தலைமையிடமானது. கனரக வாகனங்கள் ஏறி, ஏறத்தாழ 2,600 ஆண்டுப் பழமையான செங்கல் தளம் நொறுங்கியதையும், தொல்பொருள் படிவுகளின் ஊடாகப் பதுங்குகுழிகள் வெட்டப்பட்டதையும் பிரிட்டிஷ் அருங்காட்சியக வல்லுநர் ஜான் கர்ட்டிஸ் 2005-இல் பதிவு செய்தார். முகாமை அமைத்தவரும் அதைத் தொடர்ந்து நடத்தியவரும் வெவ்வேறு நாட்டவர் என்பதால், எந்தச் சேதம் யாருடையது என்று பிரித்துச் சொல்வதே கடினமாகிப் போனது.

இந்தியாவிடமும் அமெரிக்கா ஒரு முழுப் படைப்பிரிவைக் கேட்டது. ஐ.நா.வின் வெளிப்படையான ஆணை இல்லாமல் அனுப்ப இயலாது என்று 2003 ஜூலை 14 அன்று வாஜ்பாய் அரசு மறுத்தது சரியான முடிவு என்றே உறுதியாகக் கருதுகிறேன். நம் வீரர்கள் போயிருந்தால், தாம் தொடங்காத போருக்காக, தாம் வகுக்காத ஆணைகளின்படி, இன்னொரு நாட்டு மக்களைச் சோதனைச் சாவடியில் நிறுத்தி விசாரிக்கும் நிலைக்குத் தள்ளப்பட்டிருப்பார்கள் என்பதை உங்கள் நண்பரிடம் சொல்லுங்கள்.