வாசகர் கேள்வி பதில்: பாம்பு பெண்ணாகும் வித்தை

கேள்வி: சீனாவின் ஊமைப் படங்களில் பாம்பு பெண்ணாக மாறுமாமே! கணினி இல்லாத காலத்தில் அதை எப்படி எடுத்தார்கள்? எங்கள் வடமோடிக் கூத்தைப் படம்பிடிக்கும்போது நாங்களும் செய்யலாமா?
– வாசகர், ஆரையம்பதி

பதில்: தாராளமாகச் செய்யலாம். வெள்ளைப் பாம்புக் கதையை ஷங்காயின் தியன்யி கம்பெனி 1926இல் படமாக்கியது. அந்தப் பாம்பை அடைத்துவைத்ததாகக் கதை சொல்லும் லெய்ஃபெங் கோபுரம் இடிந்து விழுந்து அப்போது இரண்டே வருடம். பேச்சில்லாத படத்துக்கு ஊரறிந்த கதைதான் தோது. அருச்சுனன் யாரென்று கூத்துக் களரியில் எவரும் கேட்பதில்லையே.

அக்காலக் கமெராவைக் கையால் சுற்றுவார்கள். ஒரு சுற்றுக்கு 8 பிரேம் (தனித்தனிப் படம்), நொடிக்கு 2 சுற்று. உருவம் கரைந்து மாற வேண்டுமென்றால், 4 சுற்றுக்குள் லென்ஸைச் சிறிது சிறிதாக மூடுவார்கள். மூடியபடியே பிலிமை 4 சுற்றுப் பின்னோட்டி, ஆளை மாற்றி, அடுத்த 4 சுற்றில் மெல்லத் திறப்பார்கள். ஒன்று மங்க மங்க மற்றது தெளியும். எண்ணிக்கை பிசகினால் நடுவில் இருட்டடிக்கும்.

உங்களுக்குப் பின்னோட்டும் வேலை இல்லை. இரண்டு காட்சிகளைத் தனித்தனியே எடுத்து, எடிட்டிங்கில் 2 நொடி ஒன்றன்மேல் ஒன்றாகக் கரையவிடுங்கள். கைத்தொலைபேசி முக்காலியில் இருக்கட்டும். இரண்டு காட்சியும் முடியும்வரை அதைத் தொடவே கூடாது. திரையை அழுத்திப் பிடித்து ஒளியையும் போகஸையும் பூட்டுங்கள். பூட்டாவிட்டால் உடுப்பின் கண்ணாடித் துண்டு மின்னியதும் படம் தானாக இருளும். பெரும்பாலும் காலை வாருவது கரப்புடுப்புத்தான் (வளையம் வைத்து விரித்த கூத்து உடை): ஆள் நின்ற பிறகும் அது ஆடிக்கொண்டிருக்கும். அசைவு அடங்கும்வரை காத்திருங்கள். விளக்கொளி பட்டை பட்டையாகத் துடித்தால் நொடிக்கு 25 பிரேம், ஷட்டர் வேகம் 1/50 நொடி என்று வையுங்கள். மத்தளத்தை இடைவிடாமல் தனியே பதிவு செய்யுங்கள். காட்சியோடு சேர்த்து வெட்டினால் தாளம் அறுந்துபோகும்.

கேள்வி: அந்தப் படங்களை இப்போது பார்க்க முடியுமா?
– வாசகி, திருக்கோவில்

பதில்: பெரும்பாலானவை அழிந்துவிட்டன. அக்கால நைட்ரேட் பிலிம் எளிதில் தீப்பிடிக்கும். தப்பினாலும் பிசுபிசுத்துப் பொடியாகிவிடும். சிலந்திப் பெண்கள் துறவியைச் சிறைப்பிடிக்கும் கதையை டான் டூயு 1927இல் எடுத்தார். அது 1929இல் ஒஸ்லோவில் திரையிடப்பட்டதால் பிழைத்தது: அதன் பிரதி நோர்வே தேசிய நூலகத்தில் கண்டெடுக்கப்பட்டு, 2014இல் சீனாவிடம் கொடுக்கப்பட்டது. முழுப் படம் இல்லைதான். ஆனாலும் கிடைத்தது பெரும் பேறு. பிள்ளைகளோடு பார்ப்பதென்றால் வான் சகோதரர்கள் 1941இல் வரைந்த ‘இரும்பு விசிறி இளவரசி’யைத் தேடிப் பாருங்கள். அது சீனாவின் முதல் முழுநீளக் கார்ட்டூன். தீப்பற்றி எரியும் மலையை விசிறியால் அணைக்கும் கதை.